ஒன்பதாவது செடி

கட்டுக்கலை, கண்டி
1934 நவம்பர் 12

அன்பு மேபல்,

நான் சுகம். உபதேசியார் ஐயாவுக்கு என் வணக்கத்தைச் சொல். ஆனால் இந்தக் கடிதத்தை அவரிடம் படிக்கக் கொடுக்காதே. கொடுத்தால், மாப்பிள்ளைக்குக் கல்யாணத்தைவிடக் களைச்செடியில்தான் அக்கறை என்று உன் அப்பா மறுபடியும் ஆரம்பித்துவிடுவார்.

பென்டன் துரை வருகிற ஏப்ரலில் கப்பல் ஏறுகிறார். முப்பது வருஷமாக இந்த மலைகளில் செடி சேர்த்தவர், இனி முழங்கால் இடம் கொடுக்காது என்று சீமைக்கே திரும்பிப் போகிறார். ஆறு வருஷமாக அவருடைய செடிகளுக்குப் படம் வரைந்துகொண்டிருக்கிற எனக்கு ஏப்ரலுக்குப் பிறகு வேலை இல்லை என்று இதற்கு அர்த்தம். பயப்படாதே, மேலே படி.

நேற்று என்னைக் கூப்பிட்டுக் கதிரையில் உட்காரச் சொன்னார். ஆறு வருஷத்தில் இதுதான் முதல் தடவை. போன ஜனவரியில் நான் உங்கள் தேயிலைத் தோட்டத்துக்கு மேலே காட்டில் கண்டுபிடித்த மஞ்சள் பூவை அவர் தன் அலுமாரியில் இருக்கிற எல்லாப் புத்தகங்களிலும் தேடிவிட்டாராம். எதிலும் இல்லை. சூரியகாந்தியின் குடும்பம் என்பது மட்டும் நிச்சயம். அந்தக் குடும்பத்தில் முற்றிய விதையையும் விதையின் தலையில் இருக்கிற பஞ்சையும் பார்க்காமல் இன்ன செடி என்று முடிவாகச் சொல்ல முடியாது. விதை கைக்கு வந்தால், அது புதிய செடிதான் என்றால், என் பெயரையும் சேர்த்துச் சீமைக்கு எழுதுவதாகச் சொன்னார். பேராதனைப் பூந்தோட்டத்தில் படம் வரைகிற நிரந்தர உத்தியோகத்துக்கு எனக்குச் சிபாரிசுக் கடிதமும் தருவார்.

ஆக, விதை வந்தால் உத்தியோகம். உத்தியோகம் வந்தால் உயிர்த்த ஞாயிறு கழிந்ததும் நமக்குக் கல்யாணம். நிரந்தர உத்தியோகம் இல்லாதவனுக்குப் பெண் கொடுப்பதில்லை என்று உன் அப்பா நிச்சயத்தின்போதே சொன்னதை நான் மறக்கவில்லை.

அந்த இடத்தில் முப்பத்தொரு செடிகள் இருந்தன. தாளில் ஒட்டுவதற்காக இருபத்திரண்டை வேரோடு எடுத்தேன். துரை ஒவ்வொரு செடியிலும் பல பிரதிகள் கேட்பார், ஒன்று சீமைக்கு, ஒன்று கல்கத்தாவுக்கு என்று. மிச்சம் ஒன்பது. நாலு நாள் தேடியும் அந்தக் காட்டில் வேறெங்கும் ஒன்றைக்கூட நான் காணவில்லை. ஜனவரியில் அவை மறுபடியும் பூக்கும். பூ வாடித் தலை கவிழும், சில நாளில் திரும்ப நிமிரும். நிமிர்ந்து வெண்பஞ்சு தெரிகிற அன்றைக்கே பறித்துக் கடதாசிப் பையில் போட வேண்டும். மறுநாள் காற்று கொண்டுபோய்விடும். போன தடவை அப்படித்தான் கோட்டைவிட்டேன். அதுவரை ஒருவரும் அதில் கை வைக்காமல் பார்த்துக்கொள். உன்னைத் தவிர எனக்கு அந்த மலையில் வேறு ஆள் இல்லை.

நத்தார் பண்டிகைக்குக் கடுகண்ணாவையில் கிறேஸ் அக்கா வீட்டுக்குப் போகிறேன்.

உன்
லியோன்

*

மாதா துணை

மடுல்கெல்ல
1934 நவம்பர் 25

அன்புள்ள அத்தானுக்கு,

கடிதம் கிடைத்தது. என்னைப் பற்றி மூன்று வரி, செடியைப் பற்றி இரண்டு பக்கம். எனக்குப் பொறாமை இல்லை. அந்தச் செடிக்கும் எனக்கும் நிலைமை ஒன்றுதான். இரண்டு பேரும் நீங்கள் எப்போது வருவீர்கள் என்று மலையில் காத்திருக்கிறோம்.

அப்பாவிடம் காட்டவில்லை. துரை உங்களுக்குக் கதிரை கொடுத்ததை மட்டும் சொன்னேன். பரவாயில்லையே என்றார். அவர் வாயிலிருந்து அதுவே பெரிய பாராட்டு.

சனிக்கிழமை பள்ளிக்கூடம் இல்லாததால் வீரம்மாவைக் கூட்டிக்கொண்டு போனேன். கொழுந்து எடுக்கிறவள்தான், ஆனால் விறகுக்குப் போய்ப் போய் அந்தக் காடு அவளுக்கு வீட்டு வாசல் மாதிரி. அட்டை கடித்த கதையெல்லாம் எழுதினால் நீங்கள் சிரிப்பீர்கள், எழுதப் போவதில்லை. ஒன்பதும் இருக்கின்றன. இலையின் அடிப்பக்கம் கத்தரிப்பூ நிறம் என்று நீங்கள் சொன்னபோது நான் நம்பவில்லை, திருப்பிப் பார்த்தேன், உண்மைதான். நீங்கள் தோண்டிய குழிகளில் தண்ணீர் தேங்கியிருக்கிறது. "யாரு டீச்சரம்மா, காட்டுப் பன்னியா நோண்டிச்சு?" என்று வீரம்மா கேட்டாள். ஆமாம், கண்டிப் பக்கத்துப் பன்றி என்று சொல்லிவிட்டேன். கோபித்துக்கொள்ளாதீர்கள்.

சுற்றிலும் முள் வெட்டிப் போட்டிருக்கிறோம். விறகுக்கு வருகிற பெண்களிடமும் சொல்லி வைத்தாயிற்று. ஒவ்வொரு சனிக்கிழமையும் போய்ப் பார்ப்பேன். பூ என்று நாம் நினைக்கிற ஒன்று உண்மையில் நூறு சின்னப் பூக்களின் கூட்டம் என்று நீங்கள் சொன்னதை நாலாம் வகுப்புப் பிள்ளைகளுக்குச் சொன்னேன். அப்படியென்றால் டீச்சர், ஒரு பூ வைத்தால் நூறு பூ வைத்த புண்ணியமா என்று ஒருத்தி கேட்டாள். உங்களிடம் கேட்டுச் சொல்வதாகச் சொல்லியிருக்கிறேன்.

அத்தான், கடுகண்ணாவைப் பக்கமெல்லாம் மலேரியாக் காய்ச்சல் என்று தபால்காரர் சொல்கிறார். வீட்டுக்கு வீடு படுத்திருக்கிறார்களாம். இந்த உயரத்துக்கு அது வருவதில்லை. இந்த நத்தாருக்கு அங்கே போகாமல் இங்கே வந்தால் என்ன? பூக்காவிட்டாலும் மொட்டையாவது பார்க்கலாம்.

அன்புடன்
மேபல்

*

கடுகண்ணாவை
1934 டிசம்பர் 29

அன்பு மேபல்,

நீ சொன்னதைக் கேட்டிருக்கலாம். அக்கா வீட்டு அத்தானும் பிள்ளைகளும் படுக்கையில், அக்கா ஒருத்தியே நின்றுகொண்டிருக்கிறாள், நான் எப்படித் திரும்பிப் போவது? முந்தாநாள் முதல் எனக்கும் குளிர்காய்ச்சல். எழுத்து கோணலாக இருப்பதற்கு மன்னித்துக்கொள், கை நடுங்குகிறது. படம் வரைகிறவனுக்கு வரக்கூடாத வியாதி.

மொட்டு வந்திருக்கும். எனக்கு என்ன ஆனாலும் விதையை எடுத்துத் துரைக்கு அனுப்பிவிடு. என்ன ஆனாலும் என்று யோசித்துத்தான் எழுதுகிறேன். என் பெயர் அந்தச் செடியோடு எழுதப்பட வேண்டும். இந்த ஆறு வருஷத்துக்கும் அது ஒன்றுதான் மிச்சம்.

லியோன்

*

மாதா துணை

மடுல்கெல்ல
1935 பெப்ரவரி 3

அன்புள்ள அத்தானுக்கு,

கண்டிக்குத் திரும்பிவிட்டீர்கள், மாடிப்படி ஏறினால்தான் மூச்சு வாங்குகிறது என்று அக்கா எழுதியிருந்தார். மாதாவுக்குத் தோத்திரம். இதற்கு முன்னால் உங்களுக்கு எழுதிய இரண்டு கடிதத்திலும் சுகம் மட்டுமே விசாரித்தேன். உடம்பு தேறட்டும், பிறகு சொல்லலாம் என்று எனக்கு நானே சமாதானம் சொல்லிக்கொண்டேன். அது பொய். பயத்தினால்தான் சொல்லவில்லை.

ஜனவரி ஒன்பதாம் தேதி அக்காவின் கடிதம் வந்தது. உங்களுக்கு நினைவு தப்பிவிட்டது, ஆளைத் தெரியவில்லை, சுவாமியாரை அழைத்துக் கடைசி அவஸ்தைப்பூசுதலும் கொடுத்தாயிற்று என்று எழுதியிருந்தார். அன்றைக்கே நம்முடைய கோவிலில் மாதா சுரூபத்துக்கு முன்னால் முழங்காலில் இருந்து நேர்ந்துகொண்டேன். ஒன்பது நாள் நவநாள். ஒவ்வொரு நாளும் என்னிடம் இருப்பதில் எதைக் கொடுத்தால் எனக்கு மிகவும் வலிக்குமோ அதைக் கொண்டுவந்து பீடத்தில் வைக்கிறேன் என்று சொன்னேன். சொன்ன பிறகுதான் யோசித்தேன், என்னிடம் என்ன இருக்கிறது? தலைமயிர் இருக்கிறது, அது திரும்ப வளரும். ஒரு சங்கிலி இருக்கிறது, அதைக் கொடுத்தால் அப்பாவுக்குத்தான் வலிக்கும். கொடுக்க நினைத்த மாத்திரத்தில் முடியாது என்று தோன்றிய ஒன்று அந்தக் காட்டில் பூத்துக்கொண்டிருந்தது.

ஒன்பது செடி. ஒன்பது நாள். நாளுக்கு ஒரு செடியின் பூக்களைக் கத்தரிக்கோலால் வெட்டிக்கொண்டு வந்தேன். வேரைத் தொடவில்லை. முதல் நாள் வீரம்மா என் கையைப் பிடித்தாள். "இதப் பறிச்சா லியோன் ஐயா கோவிச்சுக்க மாட்டாங்களா?" என்றாள். "அவரு எந்திரிச்சு வந்து கோவிச்சுக்கட்டும். அதுக்குத்தானே வேண்டிக்கிட்டேன்" என்றேன்.

எட்டாம் நாள் தந்தி வந்தது. காய்ச்சல் விட்டது, கஞ்சி குடித்தார் என்று. பள்ளிக்கூடத்தில் பிள்ளைகளுக்கு முன்னால் அழுதுவிட்டேன்.

ஒன்பதாம் நாள் காலையில் ஒரு செடி மிச்சம் இருந்தது. விட்டுவிடலாம் என்று வீரம்மா சொன்னாள். நேர்ந்தது ஒன்பது நாள், எட்டோடு நிறுத்தினால் அது என்ன நேர்த்தி? அதையும் வெட்டினேன்.

இந்த வருஷம் விதை இல்லை, அத்தான். வேரெல்லாம் மண்ணில் பத்திரமாக இருக்கிறது. வருகிற ஜனவரியில் நிச்சயம் பூக்கும். துரை ஏப்ரலில் போகிறார் என்பது எனக்குத் தெரியும். தெரிந்துதான் செய்தேன். எவ்வளவு வேண்டுமானாலும் திட்டி எழுதுங்கள், எழுதாமல் மட்டும் இருந்துவிடாதீர்கள்.

மேபல்

*

கட்டுக்கலை, கண்டி
1935 பெப்ரவரி 17

மேபல்,

உன் கடிதத்தைப் பத்து நாளுக்கு மேல் பையில் வைத்துக்கொண்டு திரிந்தேன். ஆத்திரத்தில் எழுதக் கூடாது என்று நினைத்தேன். ஆத்திரம் குறைகிற மாதிரித் தெரியவில்லை, அதனால் எழுதுகிறேன்.

எட்டுச் செடிக்கு உன்னை நான் ஒன்றும் சொல்லப் போவதில்லை. சாகக் கிடக்கிற ஒருவனுக்காக யாரும் எதையும் செய்வார்கள். என்னைப் பிழைக்க வைத்தது கொயினா மருந்து, அதைச் சேற்றில் நடந்து கொண்டுவந்த டிஸ்பென்சர். ஆனாலும் உன் எட்டு நாளை நான் மதிக்கிறேன்.

ஒன்பதாவது செடியைத்தான் என்னால் பொறுக்க முடியவில்லை. நான் பிழைத்துவிட்டேன் என்று தந்தி உன் கையில் இருந்தது. அந்த ஒரு செடியில் எனக்கு வேண்டிய விதை இருந்தது. ஒரே ஒரு தலை போதும், மேபல். ஒரு தலையில் நூறு விதை. நம்முடைய கல்யாணமும் அதில்தான் இருந்தது. காட்டுக்குள் நடந்து போய், தந்தி வந்த பிறகு, யோசிக்க ஓர் இரவு முழுக்க இருந்தும், நீ கத்தரிக்கோலை எடுத்தாய். வலிக்கிறதைக் கொடுக்கிறேன் என்றாய். கொடுத்தது உன்னுடையதா?

துரையிடம் சொன்னேன். அந்தச் செடியின் தாள்களை மற்றவற்றோடு சேர்த்துப் பெட்டியில் வைக்கச் சொன்னார். பெயர் எழுத வேண்டிய இடம் வெறுமையாகவே போகிறது. சிபாரிசுக் கடிதத்தைப் பற்றி நானும் கேட்கவில்லை, அவரும் பேசவில்லை.

நிரந்தர உத்தியோகம் இல்லாதவனுக்கு உன் அப்பா பெண் கொடுப்பதில்லை. எனக்கு உத்தியோகம் வராது என்று நீ ஒன்பதாம் நாள் முடிவு செய்துவிட்டாய். அதை அவரிடம் நீயே சொல்லிவிடு. நிச்சயம் பேசிய பெரியவர்களுக்கு நான் தனியாக எழுதிக்கொள்கிறேன்.

லியோன்

*

மாதா துணை

மடுல்கெல்ல
1935 பெப்ரவரி 26

லியோன் அவர்களுக்கு,

அப்பாவிடம் சொல்லிவிட்டேன். அவர் சாப்பிடாமல் எழுந்து போனார். உங்கள் வேலை முடிந்தது.

இரண்டு விஷயம் எழுதிவிட்டு நிறுத்திக்கொள்கிறேன். முதலாவது, முப்பத்தொரு செடி இருந்த இடத்தில் ஒன்பது மட்டும் எப்படி வந்தது? நான் வெட்டியது காம்பை. நீங்கள் எடுத்தது வேரை. இருபத்திரண்டு குழிகளுக்குப் பக்கத்தில் நின்றுகொண்டுதான் ஒன்பது காம்புகளை வெட்டினேன். அந்த இருபத்திரண்டில் இரண்டையாவது நீங்கள் விட்டுவைத்திருந்தால் இன்றைக்கு உங்களுக்கு விதை இருந்திருக்கும். அதைப் பற்றி உங்கள் கடிதத்தில் ஒரு வரி இல்லை. தாளில் ஒட்டினால் அது கல்விக்கு, பீடத்தில் வைத்தால் அது மூடத்தனம். இருக்கட்டும்.

இரண்டாவது, ஒன்பதாவது செடி. நேர்த்தி என்றால் ஒன்பதுதான் என்று எழுதினேன். அது முழு உண்மை இல்லை. தந்தியோடு அக்காவின் கடிதமும் அன்று வந்தது. பக்கத்து வீட்டு மனுஷருக்குக் காய்ச்சல் விட்டு, கஞ்சி குடித்து, வாசலில் வந்து உட்கார்ந்தாராம். மூன்றாம் நாள் திரும்ப வந்து கொண்டுபோய்விட்டதாம். உங்களைப் பற்றியும் கஞ்சி குடித்தார் என்றுதான் தந்தியில் இருந்தது. அந்தச் செடியின் முன்னால் எவ்வளவு நேரம் நின்றேன் என்று வீரம்மாவுக்குத் தெரியும். எட்டோடு நிறுத்தி, உங்களுக்கு ஏதாவது ஆகிவிட்டால் மிச்ச நாளெல்லாம் நான் அந்தச் செடியைப் பார்த்துக்கொண்டிருக்க வேண்டுமே என்று நினைத்தேன். பக்தியினால் வெட்டவில்லை. பயத்தினால் வெட்டினேன்.

அது பிழைதான் என்றால் பிழைதான். ஆனால் இன்னொரு தடவை அதே காலை வந்தாலும் அதையேதான் செய்வேன். உங்களிடம் மன்னிப்புக் கேட்கலாம் என்று உட்கார்ந்தேன், முடியவில்லை.

மே. சுவக்கின்

*

கண்டி
1935 நவம்பர் 4

மேபல் அவர்களுக்கு,

எழுதக் கூடாது என்றுதான் இருந்தேன். ஜனவரி நெருங்குகிறது. அந்த ஒன்பது வேர்களும் துளிர்த்திருக்கின்றனவா என்று தெரிந்துகொள்ள வேண்டும். சிரமம் இல்லை என்றால் ஒரு வரி எழுதவும்.

நான் இப்போது கடைகளுக்குப் பெயர்ப்பலகை எழுதுகிறேன். பளீல் முதலாளியின் புடவைக் கடைக்குப் பெரிய பலகை, மூன்று பாஷையில். எழுத்தைச் சுற்றி இலை போடச் சொல்கிறார். போட்டுக் கொடுத்தேன்.

லியோன்

*

மாதா துணை

மடுல்கெல்ல
1935 நவம்பர் 20

லியோன் அவர்களுக்கு,

ஒன்பதும் துளிர்த்திருக்கின்றன. போன வருஷத்தைவிட இலை பெரிது. நாலு நாள் மழையில் முள்வேலி சாய்ந்தது, திரும்பக் கட்டியிருக்கிறோம்.

பெயர்ப்பலகை எழுதுவதும் வேலைதான். இலை கத்தரிப்பூ நிறத்திலா?

மேபல்

*

கண்டி
1936 பெப்ரவரி 20

அன்பு மேபல்,

இந்த வருஷம் விதை கேட்டு எழுதுவேன் என்று நீ எதிர்பார்த்திருப்பாய். வேண்டாம். துரை இல்லாமல் அதை யாருக்கு அனுப்புவது? அனுப்பினாலும் ஒரு பலகைக்காரன் சொல்வதை யார் கேட்கப் போகிறார்கள்? விதைகள் அங்கேயே விழட்டும். நீ மலையேறி அட்டைக்கடி வாங்கிப் பறிக்க வேண்டியதில்லை.

செடிகள் எப்படி இருக்கின்றன என்று மட்டும் அவ்வப்போது எழுது. எத்தனை பூ, எத்தனை இலை, எது உயரம், எது குட்டை. எவ்வளவு விரிவாக எழுதினாலும் எனக்குப் போதாது. போன வருஷம் நான் எழுதிய கடிதத்தை நீ வைத்திருந்தால் கிழித்துப் போட்டுவிடு. இருபத்திரண்டு குழிகளைப் பற்றி நீ எழுதியது சரி.

லியோன்

*

மாதா துணை

மடுல்கெல்ல
1937 மார்ச் 7

அன்புள்ள அத்தானுக்கு,

இந்தப் பெயரை எழுதி இரண்டு வருஷமாகிறது. கை தானாக எழுதிவிட்டது, அடிக்க மனம் வரவில்லை.

நீங்கள் கேட்டபடியே விவரம். இந்த ஜனவரியில் ஒன்பதும் பூத்தன. ஓடைப் பக்கத்துச் செடி என் இடுப்பு உயரம். பாறையை ஒட்டி நிற்கிறது ஏனோ வருஷா வருஷம் தாமதம்தான், மற்றதெல்லாம் கவிழ்ந்த பிறகு மெதுவாக விரிகிறது. என் பள்ளிக்கூடத்திலும் அப்படி ஒருத்தி இருக்கிறாள். ஒரு செடிக்குப் பக்கத்தில் சின்னதாக ஒன்று புதிதாக முளைத்திருக்கிறது. பத்தாவது. அதற்கு இரண்டே இலை.

அப்பாவுக்கு இப்போது கண் சரியாகத் தெரிவதில்லை. ஞாயிற்றுக்கிழமை செபப் புத்தகத்தை நான்தான் வாசிக்கிறேன், அவர் உதட்டை மட்டும் அசைக்கிறார். உங்களைப் பற்றி ஒரு நாள் கேட்டார். சுகம் என்று சொன்னேன்.

மூச்சு வாங்குவது நின்றுவிட்டதா?

மேபல்

*

மாதா துணை

மடுல்கெல்ல
1938 மே 15

அன்புள்ள அத்தானுக்கு,

போன வாரம் வந்த உங்கள் கடிதத்திலும் பத்தாவது செடி எவ்வளவு வளர்ந்திருக்கிறது என்று கேட்டிருந்தீர்கள். அதற்குப் பதில் எழுத உட்கார்ந்து மூன்று தாளைக் கிழித்துவிட்டேன். இது நாலாவது.

பத்தாவது செடி என்று ஒன்று இல்லை. ஒன்பதும் இல்லை. 1935 ஓகஸ்டில் தொழிற்சாலைக்கு விறகு வேண்டும் என்று அந்தக் காட்டை வெட்டினார்கள். வீரம்மா ஓடிவந்து சொன்னாள். நான் போனபோது மரம் ஒன்றும் மிச்சமில்லை. முள்வேலி மட்டும் அப்படியே நின்றது, அதற்குள்ளே ஒன்பது செடிகளும் வெயிலில் படுத்துக் கிடந்தன. நிழலில் வளர்ந்ததற்கு அவ்வளவு வெயில் தாங்கவில்லை. பத்து நாள் தண்ணீர் சுமந்து ஊற்றினோம். செப்டெம்பரில் வேரைத் தோண்டிப் பார்த்தேன், அழுகியிருந்தது.

நவம்பரில் உங்கள் கடிதம் வந்தது. ஒன்பது மாதத்துக்குப் பிறகு வந்த கடிதம், கேட்டிருந்தது செடியை மட்டும். செத்துவிட்டது என்று எழுதினால் அதோடு நீங்கள் நிறுத்திவிடுவீர்கள் என்று நினைத்தேன். துளிர்த்திருக்கிறது என்று எழுதினேன். பிறகு நீங்கள் எத்தனை இலை என்று கேட்டீர்கள், நானும் இலை எண்ணி எழுதினேன். ஓடைப் பக்கத்துச் செடி, பாறைச் செடி, எல்லாம் பள்ளிக்கூட மேசையில் இருந்துகொண்டு எழுதியது. ஒரு வாத்தியாரம்மா இப்படிப் பொய் சொன்னால் பிள்ளைகளுக்கு என்ன சொல்லிக் கொடுப்பது? இரண்டரை வருஷமாக ஒவ்வொரு பாவசங்கீர்த்தனத்திலும் இதைச் சொல்கிறேன். சுவாமியாருக்கே அலுத்துவிட்டது.

இப்போது சொல்லக் காரணம் இருக்கிறது. ஹேவாஹெட்டத் தோட்டத்துப் பள்ளிக்கூடத்தில் மத்தியாஸ் என்று ஒரு வாத்தியார். மனைவியை இழந்தவர், ஆறு வயதில் ஒரு மகள். அப்பாவுக்குக் கண் முழுவதும் போவதற்கு முன்னால் என்னைக் கல்யாணக் கோலத்தில் பார்க்க வேண்டுமாம். நான் சம்மதித்துவிட்டேன். நல்ல மனுஷர். கோவிலில் இரண்டு ஞாயிறு கல்யாண ஓலை வாசித்தாயிற்று. இன்னும் ஒன்று இருக்கிறது.

பூவைப் பற்றிக் கேட்டு இனி எழுத வேண்டாம், அத்தான். இங்கே பூ இல்லை. நீங்கள் என்னை எவ்வளவு திட்டினாலும் தகும். ஒன்பதாவது செடிக்கு நான் மன்னிப்புக் கேட்கவில்லை. இதற்குக் கேட்கிறேன்.

மேபல்

*

கண்டி
1938 மே 18

அன்பு மேபல்,

எனக்குத் தெரியும்.

1936 ஜனவரி கடைசியில் நான் மடுல்கெல்ல வந்தேன். வத்துகாமத்தில் ரயிலை விட்டிறங்கி பஸ் பிடித்தேன். ஒன்பதும் துளிர்த்திருக்கின்றன என்று நீ எழுதியிருந்தாய் அல்லவா, பூத்திருக்கும், அதைப் பார்த்துவிட்டு அந்தத் தெம்பில் உன்னிடம் வந்து மன்னிப்புக் கேட்கலாம் என்று நினைத்தேன். வெறும் கையோடு மன்னிப்புக் கேட்கத் தெரியாத ஆள் நான். தொழிலாளர் லயத்துப் பக்கம் போகாமல் கீழே ஓடை வழியாக ஏறினேன். மேலே போனால் வானம். காட்டைக் காணவில்லை. அடிமரங்களை எண்ணிக்கொண்டு நின்றேன். முள்வேலியையும் பார்த்தேன்.

முதலில் உன் மேல் கோபம்தான் வந்தது, பொய் எழுதியிருக்கிறாளே என்று. இறங்கி வருகிற வழியில் பாதித் தூரத்தில் அது போய்விட்டது. நான் கேட்ட கேள்விக்கு வேறு எந்தப் பதில் எழுதியிருந்தாலும் நான் திரும்ப எழுதியிருக்க மாட்டேன் என்பது எனக்கே தெரிந்தது. உன்னை நலமா என்று கேட்க எனக்கு வாய் இல்லை, செடியைக் கேட்டேன். நீயும் செடியின் பெயரில் பதில் சொன்னாய்.

அதனால்தான் விதை வேண்டாம் என்று எழுதினேன். இல்லாத விதைக்கு உன்னை இன்னொரு பொய் சொல்ல வைக்கக் கூடாது என்று. எத்தனை இலை என்று கேட்டேன், நீ எழுதினாய். பாறைச் செடியையும் பத்தாவதையும் நான் வரைந்து வைத்திருக்கிறேன். என் வாழ்க்கையில் பார்க்காமல் வரைந்த செடிகள் அவை இரண்டுதான். துரை இருந்தால் காறித் துப்பியிருப்பார்.

உன்னிடம் மன்னிப்புக் கேட்க வேண்டிய காரணங்களை ஒரு தாளில் எழுதினேன், நீளமாக வந்தது, அதை இதில் வைக்கவில்லை. ஒன்றை மட்டும் சொல்கிறேன். என் உயிருக்குப் பயந்த ஒருத்தியிடம், என் பெயருக்குப் பயந்துகொண்டு கணக்குக் கேட்டேன். அவ்வளவுதான் நடந்தது.

மத்தியாஸ் வாத்தியாரை எனக்குத் தெரியாது. அந்தச் சின்னப் பெண்ணுக்கு நல்ல அம்மா கிடைத்திருக்கிறாள் என்பது தெரியும். உன் அப்பாவுக்கு என் வணக்கம். இந்தக் கடிதத்தையும் அவரிடம் காட்டாதே.

வருகிற ஞாயிற்றுக்கிழமை மூன்றாவது ஓலை. இந்தக் கல்யாணத்துக்குத் தடை ஏதாவது தெரிந்தவர்கள் வந்து சொல்லலாம் என்று சுவாமியார் வாசிப்பார். தடை ஒன்றும் இல்லை, மேபல். அன்றைக்கு மலையிலிருந்து இறங்கி நான் பஸ்ஸுக்குப் போகவில்லை, உன் பள்ளிக்கூடத்துக்குத்தான் வந்தேன். நீ உள்ளே ஏழாம் வாய்ப்பாடு சொல்லிக் கொடுத்துக்கொண்டிருந்தாய். கதவு சாத்தியும் இல்லை. வாய்ப்பாடு முடிகிற வரைக்கும் சுவரோரம் நின்று கேட்டேன், பிறகு பிள்ளைகள் எழும்புகிற சத்தம் கேட்டது, திரும்பி நடந்துவிட்டேன். அதைத் தடை என்று எந்தச் சுவாமியாரும் எழுதிக்கொள்ள மாட்டார்.

லியோன்